காந்தியடிகளைப் படத்திலே தொகுத்தவர்



1927ஆம் ஆண்டு நவம்பரில் மாணவர் காங்கிரசின் அழைப்பை ஏற்றுக் காந்தியடிகள் நம் யாழ்ப்பாணத்துக்கு வந்தார்கள். அன்று அவர் பேசியதை அச்சிலே படிக்கலாம். அவர் நடந்த நடையை அச்சிலே காணமுடியுமா? அதற்குப் பிலிம் வேண்டும். பிலிம் இருந்தாலும், அதைத் தேடி எடுத்து ஒழுங்காகக் கோப்பதற்கு ஒருவர் வேண்டும். அத்தகைய ஒருவரைப் பற்றியே இன்று பேச வந்தேன்.

ஏ. கே. செட்டியார் 1911இல் செட்டிநாட்டுக் கோட்டையூரிலே பிறந்தவர். "குமரி மலர்" ஆசிரியரென்றும் உலகஞ் சுற்றிய தமிழரென்றும் நம்மவர் அவரை அறிவர். டோக்கியோவிலும் நியூயோர்க்கிலும் புகைப்படக்கலை பயின்றவர். 1937 ஒக்டோபர் 2ஆந் திகதி, நியூயோர்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலிற் செல்லும்போது, காந்தியடிகளின் வாழ்க்கையை ஒரு விவரணப்படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அன்று காந்தி ஜெயந்தி.

புதிதாகப் பிடித்த படத்தைவிடப் பழைய பிலிமே இம்முயற்சிக்குப் பிரதானம். முப்பது வருடங்களில் ஏறத்தாழ நூறு படப்பிடிப்பாளர் வெவ்வேறு நாடுகளில் எடுத்த துண்டுகளைத் தேடி, ஒரு லட்சம் மைல் வரை பிரயாணஞ் செய்தார். சேர்ந்தது 50,000 அடி. இடைவிடாது ஓட்டினால் ஒன்பது மணித்தியாலத்துக்கு மேல் ஓடும். முடிந்த படமோ 12,000 அடி; இரண்டே கால் மணித்தியாலத்துக்குச் சற்றுக் குறைவு. கடல் கடந்து தேடிய பொருளிலே முக்காற் பங்கை ஒதுக்கிவைக்க எத்தனை மனவுறுதி வேண்டும்! நாமாயின் ஓரடியையும் விட்டுக்கொடுத்திருக்க மாட்டோம்; சபையோரும் கொட்டாவி விட்டிருப்பர்.

வெட்டி ஒட்டுவது மாத்திரம் தொகுப்பன்று. ஊமைப்படக் காலத்துப் பிலிம் செக்கனுக்குப் பதினாறு படமளவில் எடுக்கப்பட்டது. பேசும்படக் கருவியோ இருபத்துநான்கை ஓட்டும். அப்படியே ஓட்டினால் மகாத்மாவும் விகடன்போல் ஓடுவார். ஒருவர் பிடித்தது தெளிவு, இன்னொருவர் பிடித்தது மங்கல். இவற்றையெல்லாம் ஒரே மனிதரின் வாழ்க்கையாகக் காணச் செய்வதே தொகுப்பாளன் தொழில். நன்றாகச் செய்தால் அவன் கைவேலை கண்ணுக்குத் தெரியாது. ஆகையாற்றான் அவன் பெயரும் நம் வாயில் வருவதில்லை.

1940 ஓகஸ்ட் 23ஆந் திகதி, யுத்தகாலத்தில், சென்னை றொக்சி தியேட்டரில் தமிழ்க் குரலுடன் படம் வெளிவந்தது. தெலுங்கிலும் வந்தது; 1950இல் ஹிந்தியில், 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலத்தில். அப்புறம் பல்லாண்டுகள் படம் இருந்த இடமே தெரியவில்லை. செட்டியார் 1983இல் காலமானார். அவர் மறைந்து இருபது வருடங்களுக்குப் பின், ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி ஒரு பிரதியைத் தேடிக் கண்டார். அதுவும் அமெரிக்காவில், சுருக்கப்பட்ட ஆங்கிலப் பதிப்பு. தமிழிலே பிறந்த படத்தைத் தமிழர் ஆங்கிலத்தில் மீட்க வேண்டியதாயிற்று.

அன்பர்களே, கலியாணமோ, தேரோ, பள்ளிக்கூட விழாவோ பதிந்த பழைய பிலிம் சுருள் உங்கள் வீட்டுப் பெட்டியில் இருந்தால், வெயிலும் ஈரமும் படாமல் எடுத்துவையுங்கள். எவர் எடுத்தது, எந்த வருடம், எந்த ஊர் என்பதை ஒரு துண்டில் எழுதி அதனோடு வையுங்கள்.