வராதவரைத் தேடிப் போவோம்



1990இல் போரால் நின்ற ரயில், 2015 மார்ச்சில்தான் தலைமன்னார் இறங்குதுறைக்குத் திரும்பி வந்தது. கைதட்டி வரவேற்றோம். அதே ரயிலேறி எங்கள் மன்னார்ப் பிள்ளைகள் கொழும்புக்குப் போனார்கள். வெள்ளவத்தையில் ஓர் அனெக்ஸ் அறை. வேலை முடிந்து வந்து, கொத்துரொட்டிப் பார்சலைப் பிரித்து, கைபேசியைப் பார்த்தபடியே சாப்பாடு. சுவருக்கு அப்பால் இருப்பவரின் பெயர்கூடத் தெரியாது. அம்மா கோல் எடுத்தால், "சாப்பிட்டிட்டன், சுகமா இருக்கிறன்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். மனதுக்குள் கிடப்பது கிடந்தபடியே கிடக்கும்.

அந்தப் பிள்ளைக்கு மனத்திடம் இல்லை என்று ஒருவரும் சொல்லிவிடாதீர்கள். உலகில் ஆறு பேரில் ஒருவரைத் தனிமை வாட்டுகிறது என்று உலக சுகாதார நிறுவனம் 2025 ஜூனில் அறிவித்தது. ஆண்டுதோறும் சுமார் 8 இலட்சத்து 71 ஆயிரம் மரணங்களுக்குப் பின்னால் அது நிற்கிறதாம்.

எங்கள் கரைவலையைப் பாருங்கள். வலை வளைத்தபின் இரண்டு கயிற்றுக்கும் ஆள் வேண்டும். அம்பா பாடி, குதிக்கால் மணலில் புதைய இழுப்பார்கள். ஒருவன் வராவிட்டால் மற்றவர் கைக்குப் பாரம் தெரியும். "ஏன் வரேல்லை?" என்று அவன் வீட்டு வாசலுக்கு ஆள் போகும். நகரத்தில் ஆளுக்குக் குறைவில்லை. வராதவனைத் தேடிப் போக ஆளில்லை. அதுதான் அங்குள்ள வெறுமை.

1990 அக்டோபரில் மன்னாரிலிருந்து விரட்டப்பட்ட எருக்கலம்பிட்டி மக்கள், புத்தளம் நாகவில்லுவில் தங்கள் ஊர்ப் பெயரோடே சேர்ந்து குடியிருந்தார்கள். வீடு வாசலை இழந்தும் அயலை இழக்கவில்லை. இடம்பெயர்ந்தவர்களால் முடிந்தது, வேலைக்குப் போனவர்களால் முடியாதா?

கொழும்பிலுள்ள மன்னார்ப் பிள்ளைகளே, ஞாயிற்றுக்கிழமை ஒரு நேரமாவது கூடிச் சமையுங்கள். பெற்றோரே, சம்பளத்தை விசாரிக்க முன், "இண்டைக்கு ஆரோடை கதைச்சாய்?" என்று கேளுங்கள். வெளிநாட்டுக் காசில் எழும்பிய வீடுகளில் தனித்திருக்கும் முதியவர்களும் எங்கள் பொறுப்புத்தான். மனம் தாங்காதபோது 1926க்கு அழையுங்கள். அது தேசிய மனநல உதவிச்சேவையின் எண். 1974 முதல் சுமித்ரயோ அமைப்பும் காதுகொடுத்துக் கேட்டு வருகிறது. அழைப்பதில் வெட்கம் எதுவுமில்லை.

இந்தக் கூட்டத்துக்கு வந்திருக்கவேண்டியவர், ஆனால் வராதவர், ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். நாளைக்கே அவர் வீட்டுக்குப் போங்கள். காரணம் தேடவேண்டாம், "உங்களைக் காணேல்லை, அதுதான் வந்தன்" என்று சொன்னால் போதும்.