பெட்டிக்குள் வந்த பல்லாங்குழி

சென்னை நகரில் 2002ஆம் ஆண்டில் சிறியதொரு நிறுவனம் தோன்றியது. அதன் பெயர் கிரீடா. விளையாட்டு என்னும் பொருள்படும் வடமொழிச் சொல் அது. வினிதா சித்தார்த்தா என்னும் அம்மையார் தொடங்கிய இந்நிறுவனம், பாட்டிமார் திண்ணையில் ஆடிய ஆட்டங்களைத் தேடியெடுத்து, பலகையும் காயும் விதித்தாளும் சேர்த்துப் பெட்டியிலிட்டு விற்கத் தலைப்பட்டது. பல்லாங்குழி, ஆடு புலி ஆட்டம், தாயம், பரமபதம், ஐந்து கல் ஆகியன அதன் வெளியீடுகளுட் சில. கோயில் மண்டபத் தளங்களிற் பழங்காலத்தவர் கீறிவைத்த ஆட்டக் கட்டங்களைப் பதிவு செய்யும் பணியிலும் அது ஈடுபட்டது. பேரங்காடிகளின் பிளாத்திக்குப் பொம்மைகளுக்கு நடுவே இத்தகைய பெட்டிக்கு ஓரிடம் கிடைத்தமை வியப்புக்குரியதே.

இப்பெட்டிகள் அம்பாறைக் கரையோரத்து வீடொன்றிலே திறக்கப்படுமாயின் என்ன நிகழும்? மருதமுனையிலிருந்து கல்முனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது எனத் தொடர்ந்து, காரைதீவு என்னும் தமிழூரைக் கடந்து, நிந்தவூர், ஒலுவில், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று எனத் தெற்கே நீளும் ஊர்கள் இவை. ஒரு புறம் கடல், மறுபுறம் நெல்வயல். இடையிலே நெருங்கிய வளவுகள். தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட முஸ்லிம் மக்கள் பெருந்தொகையினராய் வாழும் இவ்வூர்களில் மேற்சொன்ன ஆட்டங்கள் எல்லாம் ஒரே வகையான வரவேற்பைப் பெறா. அவற்றை ஒவ்வொன்றாய் எடுத்து, ஆடும் முறையோடு நோக்குதல் பயன் தரும்.

முதலிலே தாயம். நீண்ட இரு பித்தளைக் கட்டைகளின் முகங்களில் வெறுமை, ஒன்று, இரண்டு, மூன்று எனப் புள்ளிகள் இருக்கும். இரண்டையும் உருட்டினால் ஒன்று முதல் ஆறு வரை எதுவும் விழலாம். இரண்டும் வெறுமையாய் விழுந்தால் அது பன்னிரண்டு. ‘தாயம்’ எனப்படும் ஒன்று விழுந்தாலன்றிக் காய் கட்டத்துள் இறங்காது. ஒன்று, ஐந்து, ஆறு, பன்னிரண்டு ஆகியன விழுந்தவர் மீண்டும் உருட்டலாம். ஆட்டம் சுவையானதே. ஆயினும் கல்முனை வீட்டில் இப்பெட்டி திறந்தவுடன் பெரியவர் ஒருவர் தொண்டையைக் கனைப்பார். நபிமொழித் தொகுப்புகளில் ‘நர்து’ என்னும் கட்டையாட்டம் கண்டிக்கப்பட்டிருத்தலின், உருட்டி ஆடும் ஆட்டங்களை மார்க்க அறிஞருட் பெரும்பாலோர் விலக்கியுள்ளனர். சதுரங்கத்தின் மீது ஷாபிஈ வழிச் சட்ட அறிஞர் அவ்வளவு கடுமை காட்டினாரல்லர். பந்தயம் இல்லாமலும் தொழுகை நேரத்தை விழுங்காமலும் ஆடப்படுமாயின், அதனை ‘மக்ரூஹ்’, அதாவது தவிர்த்தல் நன்று, என்னும் அளவிலே நிறுத்தினர். இவ்வேறுபாடு சிறிதன்று. விழுந்த எண்ணுக்குக் கட்டுப்படும் ஆட்டம் ஒருபுறம். சிந்தித்துக் காயை நகர்த்தும் ஆட்டம் மறுபுறம். பெட்டிகளை அடுக்கி வைக்கும்போது இவ்வூர் வீடுகள் இக்கோட்டையே முதலில் இழுக்கும்.

பரமபதமும் உருட்டுதலின் வழி நடப்பதே. ஏணியில் ஏறிப் பாம்பில் இறங்கி, உச்சியிலுள்ள வைகுந்தத்தை அடைதல் அதன் முடிவு. பிறசமயத்தார் வீட்டில் அப்படம் பொருந்தாது என்று தள்ளிவிடுதல் எளிது. ஆனால் இதே அமைப்பைச் சூபி ஞான மரபினரும் ‘ஷத்ரஞ்ஜுல் ஆரிபீன்’, அதாவது மெய்ஞ்ஞானிகளின் சதுரங்கம், என்னும் பெயரால் வைத்திருந்தனர் என்பது பலர் அறியாத செய்தி. ஆன்மாவின் ஏற்றமும் வீழ்ச்சியும் அதிலும் ஏணியும் பாம்புமாகவே காட்டப்பட்டன.

ஆடு புலி ஆட்டத்திற்கு இத்தகைய தடை எதுவுமில்லை. முக்கோணமும் குறுக்குக் கோடுகளும் சந்திக்கும் 23 புள்ளிகள், மூன்று புலிகள், பதினைந்து ஆடுகள். புலிகளை முதலில் வைப்பர். ஆட்டுக்காரர் முறைக்கு ஒன்றாக ஆடுகளை இறக்குவார். பதினைந்தும் இறங்கும் வரை இறங்கிய ஆடு நகரலாகாது. புலியோ தொடக்கம் முதலே நகரலாம். அடுத்த புள்ளியில் ஆடு நின்று, அதற்கு நேர் அப்பாலுள்ள புள்ளி வெறுமையாயின், தாண்டி ஆட்டை வெட்டலாம். புலிகள் மூன்றையும் அசையவொட்டாமல் அடைத்துவிட்டால் ஆடுகளுக்கு வெற்றி. தொடக்கக்காரர் செய்யும் பிழை ஒன்றே: புலிக்கு அருகே ஆட்டைத் தனியே நிறுத்துவது. பின்னால் வேறோர் ஆடு காவல் நின்றால் புலி தாண்ட இடமில்லை. ஆகவே ஓரப் புள்ளிகளை நிரப்பிக்கொண்டு உள்நோக்கி வருதலே ஆட்டுக்காரரின் உபாயம். இலங்கைக் காட்டில் சிறுத்தையன்றி வரிப்புலி இல்லை என்பது ஒருபுறமிருக்க, சிங்கள மக்களிடையே ஏழு சிறுத்தைகள் கூடி ஒரு புலியை மடக்கும் ஆட்டமும் உண்டு. காணாத விலங்கை மடக்குவதில் மனிதருக்கு என்றும் ஆசை போலும்.

ஐந்து கல்லுக்குப் பெட்டியே தேவையில்லை. ‘கொக்கான் வெட்டுதல்’ என்ற பெயரில் ஈழத்துச் சிறுமியர் அதனை நன்கறிவர். ஒரு கல்லை மேலே எறிந்து, அது கீழே வருமுன் நிலத்திலுள்ளவற்றை முதலில் ஒவ்வொன்றாகவும், அடுத்து இவ்விரண்டாகவும், பின் மூன்றும் ஒன்றுமாகவும், ஈற்றில் நான்கையும் ஒருங்கேயும் வாரி எடுத்தலே ஆட்டம். கிளித்தட்டு போன்றவற்றையோ பெட்டியில் அடைக்கவே இயலாது. அதற்கு வேண்டியது கோடிட்ட மணல் வெளியும் இரு கட்சிப் பிள்ளைகளுமே.

எஞ்சியது பல்லாங்குழி. இக்கரையோரத்தைப் பொறுத்தவரை மிக்க கவனத்திற்குரிய பெட்டி இதுவே.

எதிரெதிரே அமர்ந்த இருவருக்கும் வரிசைக்கு ஏழாகப் பதினான்கு குழிகள். பலகை இல்லையாயின் மணலிற் கையால் தோண்டிக்கொள்ளலாம். சோகியோ, மஞ்சாடி விதையோ, புளியங்கொட்டையோ குழிக்கு ஐந்தாக 70 இட வேண்டும். ஆடுபவர் தம் வரிசையில் ஒரு குழியின் விதைகள் அனைத்தையும் அள்ளி, தம் வலப்புறமாகக் குழிக்கு ஒன்றாக இட்டுச் செல்வார். வரிசை முடிந்தால் எதிரியின் வரிசையிலும் சுற்றி வருவார். கையிலுள்ளது தீர்ந்ததும் அடுத்த குழியிலிருப்பதை அள்ளித் தொடர்வார். அடுத்த குழி வெறுமையாய் இருந்தால் அதற்கும் அப்பாலுள்ள குழியின் விதைகள் அவருக்கு உரியவை. அதோடு அவர் முறை முடியும். அப்பாலுள்ள குழியும் வெறுமையாயின் ஒன்றும் கிடையாது. இடையே எக்குழியிலேனும் விதைகள் நான்காகச் சேர்ந்தால் அது ‘பசு’. அக்குழிக்கு உடையவர் அதை எடுத்துக்கொள்வார்.

இதிலொரு வேடிக்கை உண்டு. குழிக்கு ஐந்து விதையிட்டுத் தொடங்கினால், முதலில் ஆடுபவர் எந்தக் குழியை எடுத்தாலும் அவருக்குக் கிடைப்பது ஏழு விதைகளே. எல்லாக் குழிகளும் சமமாய் இருப்பதால் தொடங்குமிடம் வேறுபாடு செய்வதில்லை. ஐந்து முறை அள்ளி, 27 விதைகளை இட்டு முடித்தவுடன், முன்னே ஒரு வெறுங்குழியும் அதற்கப்பால் ஏழு விதையுள்ள குழியும் வந்து நிற்கும். ஐயுறுவோர் மணலில் இட்டுப் பார்க்கலாம். குழிக்கு ஆறு வீதம் 84 இட்டாலும் கிடைப்பது அதே ஏழுதான். ஆனால் இரண்டே முறை அள்ளுவதில் காரியம் முடிந்துவிடும். ஆகவே முதல் ஆட்டத்தில் திறமைக்கு இடமில்லை. சமநிலை குலைந்த பின்னர், அஃதாவது இரண்டாம் ஆளின் கையிலேதான், கணக்குத் தொடங்குகிறது. குழிகளை விரலால் தொட்டு எண்ணாமல், கண்ணாலேயே நான்கைந்து அள்ளல்களை முன்கூட்டி நடத்திப் பார்ப்பவரை வெல்லுதல் அரிது.

ஒரு சுற்று முடிந்ததும் ஒருவரிடம் 43 விதையும் மற்றவரிடம் 27 விதையும் இருப்பதாகக் கொள்வோம். 27 உடையவர் ஐந்து குழிகளை மட்டுமே நிரப்ப முடியும். இரண்டு விதை கையில் மிஞ்சும். நிரம்பாத இரு குழிகளும் அடுத்த சுற்றுக்கு மூடியவையாகும். வென்றவர் ஏழையும் நிரப்பி, எட்டைத் தனியே வைத்திருப்பார். இங்ஙனம் ஒரு குழியையும் நிரப்ப இயலாத நிலையை ஒருவர் அடையும் வரை ஆட்டம் நீளும். மழைக்காலத்துப் பகற்பொழுதுகள் இவ்வாறே கழிந்தன.

இங்கே கூறிய விதிகள் ஒரு வகையினவே. இதே ஆட்டம் மலாய் மக்களிடையே ‘சொங்காக்’ எனப்படும். அங்கே கடைசி விதை விழுந்த குழியிலிருப்பதையே அள்ளித் தொடர்வர், அடுத்த குழியை அன்று. சிங்கள மக்கள் புத்தாண்டுக் காலத்தில் குன்றிமணியைக் கொண்டு ‘ஒலிந்த கெலிய’ என ஆடுவர். நீர்ப்பாசனப் பொறியியலாளராய் இந்நாட்டிற் பணியாற்றிய என்றி பாக்கர், 1909இல் வெளிவந்த ‘பண்டைய இலங்கை’ என்னும் ஆங்கில நூலில் அதன் வகைகளைப் பதிவு செய்துள்ளார். மாலைதீவினரின் பலகையில் வரிசைக்கு எட்டுக் குழிகள். அரபு மக்கள் ‘மன்கலா’ என்றனர். ‘நகல’, அதாவது இடம் பெயர்த்தல், என்னும் வேர்ச்சொல்லிலிருந்து அது பிறந்தது. கடலோடிகளின் பாதையெங்கும் இக்குழிகள் தோண்டப்பட்டிருக்கின்றன. அப்பாதையிலேதான் கல்முனையும் இருக்கிறது.

ஓர் ஆட்டத்தின் விதிகள் எவ்வழியே பயணம் செய்கின்றன என்பது ஆராயத்தக்கது. தமிழ்நாட்டில் மணப்பெண் புகுந்த வீட்டிற்குச் செல்லும்போது பல்லாங்குழிப் பலகையும் சீரோடு செல்வதுண்டு. பெண் பெயர, விதியும் பெயரும். மாமியார் வீட்டு விதியோடு கலக்கும். அம்பாறைக் கரையின் முஸ்லிம் ஊர்களிலோ நிலைமை இதற்கு நேர்மாறானது. இங்கே குடி தாய்வழிப்பட்டது. மகளுக்கு வீட்டைச் சீதனமாகக் கொடுத்து, மணமகனை அவ்வீட்டிற்கு வருவித்தலே வழக்கம். அக்கரைப்பற்றில் நெடுங்காலம் ஆய்வு செய்த மானிடவியலாளர் டெனிசு மக்கில்வ்ரே 2008இல் வெளியிட்ட நூலில் இவ்வமைப்பை விரிவாக எடுத்துரைக்கிறார். ஆகவே மூத்தம்மாவும் உம்மாவும் மகளும் பேத்தியும் ஒரே வளவிலோ அடுத்தடுத்த வளவுகளிலோ வாழ்கின்றனர். பெயர்ந்து வருபவன் ஆண். பெண்கள் ஆட்டமோ இருந்த இடத்திலேயே இருக்கும். ஒரு வளவின் விதி தலைமுறை தலைமுறையாய் அதே வளவில் நின்று, பக்கத்துத் தெருவின் விதியிலிருந்து வேறுபட்டே வளர்ந்திருத்தல் கூடும். விதிகளின் பழைய வேறுபாடுகளைத் தேட விரும்புவோர்க்கு இத்தகைய ஊர்களிலும் பொருத்தமான இடம் கிடைத்தல் அரிது.

ஆயின் அவ்வளவுகள் குலையாமல் நிற்கவில்லை. நெடிய போர்க்காலம் மக்களை இடம்பெயர்த்தது. 2004 திசம்பர் 26ஆம் திகதி எழுந்த ஆழிப்பேரலை மருதமுனை முதல் சாய்ந்தமருது வரையுள்ள கரையோரத் தெருக்களை அழித்து, பல்லாயிரம் உயிர்களைக் கொண்டது. கரையருகே மீண்டும் வீடு கட்டத் தடை வந்தபோது, உறவினர் ஒருங்கிருந்த வளவுகளுக்குப் பதிலாகப் புதிய குடியேற்ற வீடுகள் வரிசையாய் எழுந்தன. அவ்வீட்டு முற்றங்களில் மூத்தம்மாவின் அருகே அமரும் பேத்தியின் கையில் இன்று இருப்பது கைப்பேசி.

இந்நிலையில் பெட்டி ஒன்று வருவது நன்மையா, தீமையா? அமெரிக்காவில் நிகழ்ந்ததை நோக்கலாம். வில்லியம் சாம்பியன் என்பார் 1940இல் இக்குழியாட்டத்தின் புதிய வடிவம் ஒன்றை வகுத்து ‘கலா’ எனப் பெயரிட்டார். பின்னர் அதை விற்க ஒரு சிறு நிறுவனத்தையும் அமைத்தார். இன்று அந்நாட்டுக் கடைகளில் ‘மன்கலா’ என விற்கப்படும் பலகைகளோடு வருவன பெரும்பாலும் அவர் வகுத்த விதிகளே. நூற்றுக்கணக்கான வகைகளையுடைய ஓர் ஆட்டம் அப்பிள்ளைகளின் எண்ணத்தில் ஒரே ஆட்டமாயிற்று. சென்னை நிறுவனத்தின் மீது இப்பழியைச் சுமத்துதல் முறையன்று. விதித்தாள் அச்சிடுபவர் ஏதேனும் ஒரு விதியைத் தெரிந்தெடுத்தே தீரவேண்டும். அது இல்லாதிருந்தால் பல நகரத்துப் பிள்ளைகள் ஒரு விதியையும் அறிந்திரார். குறை இக்கரையின் பக்கமே உள்ளது. தெரிந்தெடுக்க வேண்டிய விதிகளை இங்கு எவரேனும் எழுதி வைத்தாலன்றோ, அவையும் ஒரு பெட்டிக்குள் இடம்பெறும்?

அதற்குப் பெருஞ்செலவு வேண்டியதில்லை. மருதமுனைத் தறிகளில் ஆட்டக் கட்டங்களைத் துணியாகவே நெய்யலாம். மரப்பலகைக்குத் தச்சர் உளர். ஒலுவிலில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது; விடுமுறையில் ஊர் திரும்பும் மாணவியர் தத்தம் வீட்டு மூத்தம்மாவிடம் ஒரு குறிப்பேட்டோடு அமர்ந்தாலே போதும். குழி எத்தனை, விதை எத்தனை, பசு உண்டா, மூடிய குழிக்கு இங்கே என்ன பெயர் என்பனவற்றைக் கேட்டு, ஊரின் பெயரோடு தெருவின் பெயரையும் குறித்துக்கொள்ளல் வேண்டும். எல்லாவற்றிற்கும் முன்னே கேட்கத்தக்கது, கையிலுள்ள கடைசி விதை விழுந்ததும் அள்ளப்படுவது விழுந்த குழியா, அடுத்த குழியா என்பது. இதற்குச் சாய்ந்தமருதில் கிடைக்கும் விடையும் மருதமுனையில் கிடைக்கும் விடையும் ஒன்றாயிராவிடின், கேட்டவர் இரண்டையும் திருத்தாமல் அப்படியே எழுதிக்கொள்ளக் கடவர்.