கோட்டோரத்து ஆட்டக்காரன்



சங்கரன்கோவில் வட்டாரத்தில் விளையாட்டு என்று பேச்செடுத்தால் கபடி வரும், கிரிக்கெட் வரும். கிழக்கே கோவில்பட்டிப் பக்கம் போனால் ஹாக்கி. கால்பந்து அதற்கெல்லாம் பின்னால்தான். அந்தக் கால்பந்திலும் ஓரமாக நிற்கிற ஒருவரைப் பற்றி இன்று பேசப்போகிறேன். நாம் விங்கர் என்கிறோம். மூத்த ஆட்டக்காரர்கள் ரைட் அவுட், லெஃப்ட் அவுட் என்பார்கள். அதிலும், டிவியில் தினம் வராத கீழடுக்கு லீக்குகளில் ஆடி மேலே வந்த விங்கர்தான் என் விஷயம்.

சொல்ல வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓடத் தெரிந்த பையன் எந்த ஊரிலும் கிடைப்பான். “பந்து போனால் போகட்டும், மறுபடியும் போய்ப் பார்” என்று அவனிடம் சொல்கிற அணி கிடைப்பதுதான் கஷ்டம். அப்படிச் சொல்கிற மனசு பெரிய அணிகளைவிடச் சின்ன அணிகளுக்குத்தான் அதிகம் இருந்திருக்கிறது.

முதலில் அவர் வேலை என்ன என்று பார்ப்போம். பெரிய ஆட்டங்களில் மைதானத்தின் அகலம் 68 மீட்டர். எதிரணியின் பின்வரிசையில் பெரும்பாலும் நாலு பேர். அந்த நாலு பேரும் நெருங்கி நின்றுவிட்டால் நடுவே பந்து நுழைய வழி கிடையாது. விங்கர் போய் வெள்ளைக்கோட்டை ஒட்டி நிற்கிறார். பந்து அவரிடம் இல்லை. வருகிற மாதிரியும் தெரியவில்லை. ஆனாலும் எதிரணி பேக் ஒருவர் அவரை அப்படியே விட்டுவிட முடியாமல் நாலைந்து எட்டு விலகி வருகிறார். அவர் விலகிய இடத்தில் ஒரு சந்து விழுகிறது. அதன் வழியாக வேறொருவர் புகுந்து கோல் அடிக்கிறார். மறுநாள் பேப்பரில் அடித்தவர் பெயர் வரும். ஓரத்தில் நின்று சந்தைத் திறந்துவிட்டவர் பெயர் வராது.

இப்போது பந்து அவருக்கே வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நல்ல விங்கர் அதைக் காலடியில் நிறுத்திவிட்டு யோசிக்க மாட்டார். உடம்பைப் பாதி திருப்பி வைத்து, முதல் தொடுகையிலேயே தான் போகவேண்டிய திசைக்குத் தட்டிக்கொள்வார். எதிரே பேக் வந்துவிட்டார். இந்த இடத்தில் விங்கர் ஓடுவார் என்றுதான் எல்லோரும் நினைப்போம். அவரோ வேகத்தைக் குறைப்பார், கிட்டத்தட்ட நடப்பார். அவருடைய கண் பேக்கின் பாதங்களில் இருக்கும். உடல் எடை எந்தக் காலில் இறங்குகிறதோ அந்தக் காலை உடனே எடுக்க முடியாது. எடை இறங்கிய அந்த நொடியில், அந்தக் கால் பக்கமாகவே பந்தைத் தள்ளிவிட்டு இரண்டே எட்டில் வேகத்தை ஏற்றினால், பேக் திரும்புவதற்குள் ஆள் தாண்டிவிடுவார். கேலரியில் இருப்பவர்களுக்குத் தெரிவது அந்த இரண்டு எட்டு மட்டும். வித்தை இருந்தது அதற்கு முந்தைய நடையில்.

தாண்டியாயிற்று. இனித் தலை நிமிர்ந்து பார்க்க வேண்டும். உயரமாகத் தூக்கிப் போடுவதா, கோல்கோடு வரை போய்த் தரையோடு பின்னால் தள்ளிவிடுவதா? முடிவெடுக்க ஒரு நொடிதான் உண்டு. தூக்கிப் போடுகிற கிராஸ்களில் பெரும்பாலானவை எதிரணி பேக்கின் தலையிலோ கோலி கையிலோதான் போய்ச் சேரும். உலகத்தின் மிகச் சிறந்த விங்கர்களுக்கும் அப்படித்தான். ஆகவே நாள் முழுக்கத் தோற்று, ஒருமுறை ஜெயிப்பதற்காக நிற்கிற ஆள் இவர். பத்து தடவை பந்தைப் பறிகொடுத்தவரிடம் பதினோராவது தடவையும் பந்தைக் கொடுக்க ஒரு கோச்சுக்கு நெஞ்சுரம் வேண்டும்.

இந்தியா கண்ட மிகப் பெரிய விங்கர்களில் ஒருவர் பி.கே. பானர்ஜி. 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் தென்கொரியாவை 2-1 என்று வென்று தங்கம் வாங்கினோமே, அதில் முதல் கோல் அவருடையது. 1960 ரோம் ஒலிம்பிக்கில் இந்திய அணிக்குக் கேப்டன். கல்கத்தாவில் இருந்துகொண்டே மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால், முகமதன் ஸ்போர்ட்டிங் என்ற மூன்று பெரிய கிளப்புகளில் எதற்கும் அவர் ஆடவில்லை. அவர் ஆடியது ஈஸ்டர்ன் ரயில்வே என்ற ஆபீஸ் அணிக்கு. அந்த அணி 1958-ல் கல்கத்தா லீகையே வென்று காட்டியது. லட்சக்கணக்கான ரசிகர்கள் தலைமேல் ஏறி நிற்காத ஓர் அணியில்தான் நாட்டின் வலது ஓரம் பல வருடம் இருந்தது.

இனி நம் பக்கம் வருவோம். கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குக் கோடியில் தூத்தூர், சின்னத்துறை, இரவிபுத்தன்துறை, வள்ளவிளை, நீரோடி என்று வரிசையாக மீனவ ஊர்கள். ஆழ்கடலுக்குப் போய்ச் சுறா பிடிப்பதில் பேர்பெற்ற ஊர்கள். பந்தாட்டமும் அங்கே ஊர்ப் பழக்கம். அந்த இரவிபுத்தன்துறையிலிருந்து வந்தவர் மைக்கேல் சூசைராஜ், இடது ஓர ஆட்டக்காரர். சென்னை சிட்டி அணிக்காக ஐ-லீகில் ஆடித்தான் நாட்டுக்குத் தெரியவந்தார். அப்போது இந்தியன் சூப்பர் லீக் என்கிற ஐ.எஸ்.எல். வந்துவிட்டது. காசும் டிவி வெளிச்சமும் அங்கே போய்விட்டன. ஐ-லீக் பேருக்குத்தான் முதல் லீக். 2019-ல் போட்ட திட்டத்துக்குப் பிறகு அதிகாரபூர்வமாகவே இரண்டாம் அடுக்குக்கு இறங்கியது.

சென்னை சிட்டி அந்த ஆண்டுகளில் அட்டவணையின் கீழ்ப்பாதியில் கிடந்த அணி. அதுவே சூசைராஜுக்கு வசதியாகப் போனது. பந்து கிடைத்ததும் தலையைக் குனிந்துகொண்டு பேக்கை நோக்கிப் போவார். பல தடவை பந்து போய்விடும். அடுத்த பந்தும் அவருக்கே வரும். இரண்டு சீசன் இப்படி ஆடியவரை 2018-ல் ஐ.எஸ்.எல். அணியான ஜாம்ஷெட்பூர் அழைத்துக்கொண்டது. அவர் கிளம்பிய அடுத்த சீசனிலேயே சென்னை சிட்டி ஐ-லீக் சாம்பியன் ஆனது. 2019 மார்ச் 9 அன்று கோவை நேரு ஸ்டேடியத்தில் கடைசி ஆட்டம். மினர்வா பஞ்சாப் தொடக்கத்திலேயே ஒரு கோல் போட்டுவிட்டது. பின்னர் மூன்று கோல் திருப்பி அடித்து, 43 புள்ளி எடுத்து, 42 புள்ளியில் நின்ற ஈஸ்ட் பெங்காலைத் தாண்டினார்கள். அந்த அணியில் வலது ஓரத்தில் ஓடிய ரொமாரியோ ஜேசுராஜும் தமிழ்நாட்டுப் பையன்தான். பிறகு கோவாவுக்குப் போனார். 2021-ல் ஆசிய சாம்பியன்ஸ் லீகில் ஆடிய எஃப்.சி. கோவா அணியில் இருந்தார். சென்னை சிட்டியின் கதை அப்படி நீளவில்லை. 2021-22 ஐ-லீகில் அந்தப் பெயரே இல்லை. கீழடுக்கு அணிகளின் ஆயுள் பல சமயம் இவ்வளவுதான்.

அந்த வாழ்க்கையில் வெளியே தெரியாத பாரம் ஒன்று உண்டு. அதுதான் பயணம். 2018-19 ஐ-லீகில், கோவையில் ஆடிய சென்னை சிட்டி ஸ்ரீநகருக்குப் போக வேண்டும், ஐஸ்வாலுக்கும் இம்பாலுக்கும் ஷில்லாங்குக்கும் போக வேண்டும். கோவை வெயிலில் பழகிய தொடைத்தசை காஷ்மீர்க் குளிரில் சட்டென்று வேகம் எடுக்க வேண்டும். ரஷ்யாவின் இரண்டாம் அடுக்கு லீகில் இது இன்னும் கடுமை. மேற்கே போலந்தை ஒட்டிய கலினின்கிராடிலும் ஓர் அணி, கிழக்கே சீன எல்லை அருகே கபரோவ்ஸ்கிலும் ஓர் அணி. இரண்டும் ஒரே லீகில் ஆடியிருக்கின்றன. இரண்டு ஊருக்கும் கடிகாரத்தில் எட்டு மணி நேர வித்தியாசம். அங்கே ஓரத்தில் ஓடுகிற ஒருவர் விமானத்தில் கழிக்கிற நேரத்துக்கு முன்னால் பந்தைத் தொடுகிற நேரம் ஒன்றுமே இல்லை. நடு மைதான ஆட்டக்காரர் களைத்தால் நின்று பாஸ் கொடுத்துச் சமாளிக்கலாம். விங்கரின் முதலே அந்த இரண்டு எட்டு வேகம்தான். அது போனால் எல்லாம் போச்சு.

சூசைராஜ் கதைக்குத் திரும்புவோம். 2019-ல் கொல்கத்தாவின் ஏ.டி.கே. அணிக்குப் போனார். கோச் ஸ்பெயின்காரர் அன்டோனியோ ஹபாஸ். பின்னால் மூன்று பேர், நடுவில் ஐந்து, முன்னால் இரண்டு என்பது அவர் வகுத்த முறை. இந்த முறையில் விங்கருக்கென்று தனி இடம் கிடையாது. இடது ஓரம் முழுவதும், நம் கோல்கோட்டிலிருந்து எதிரணி கோல்கோடு வரை, ஒரே ஆள் பொறுப்பு. அவருக்கு விங் பேக் என்று பேர். வலது ஓரம் பிரபீர் தாஸ், இடது ஓரம் சூசைராஜ். நம் ஊர்க் கோயிலில் வலப்பாதி சிவனும் இடப்பாதி திருமாலுமாக ஒரே திருமேனியில் நிற்கிறாரே சங்கரநாராயணர், அப்படி ஒரே உடம்பில் தாக்குவதும் காப்பதும் சேர்ந்திருக்க வேண்டிய வேலை அது. தாக்கவே பழகியவருக்கு இது லேசில் வராது. பந்து போனதும் இடுப்பில் கை வைத்து நிற்கிற சுகம் இனி இல்லை. அறுபது மீட்டர் திரும்பி ஓடவேண்டும். சூசைராஜ் அதைக் கற்றுக்கொண்டார். 2020 மார்ச் 14 அன்று கோவாவில், கொரோனா காரணமாக ரசிகரே இல்லாத மைதானத்தில், ஏ.டி.கே. 3-1 என்று சென்னையின் எஃப்.சி.யை வென்று ஐ.எஸ்.எல். கோப்பையை எடுத்தது.

அவர் கற்றதைப் பாராட்டுகிறேன். ஆனால் பேக்கை நோக்கி நேரே போகிற பழைய ஆட்டம் குறைந்துபோனதையும் சொல்லத்தான் வேண்டும். ஏணியில் மேலே ஏற ஏற விங்கருக்கு ஒழுங்கு கூடும், துணிச்சல் குறையும். கோப்பை அப்படித்தான் வருகிறது. கலைக்கு அதில் கொஞ்சம் நட்டம்.

2020 நவம்பர் 20. புது சீசனின் முதல் ஆட்டம், கேரளா பிளாஸ்டர்ஸோடு. முதல் பாதியிலேயே சூசைராஜுக்கு முழங்காலில் அடி. அந்த சீசனே போய்விட்டது. திடீர் நிறுத்தம், திடீர்த் திருப்பம், திடீர் வேகம் என்று விங்கர் செய்கிற மூன்று காரியமும் முழங்காலின் தசைநாரைத்தான் பதம் பார்க்கும். அது அறுந்தால் மீண்டு வர முக்கால் வருடம், ஒரு வருடம் ஆகும். கால் குணமானாலும், அந்த முதல் எட்டை யோசிக்காமல் எடுத்து வைக்கிற தைரியம் திரும்ப இன்னும் நாளாகும். அதற்குள் அவர் இடத்தில் இன்னொருவர் வேரூன்றியிருப்பார்.

துணிச்சலை மேலடுக்கு வரை கொண்டுபோன ஒருவரையும் சொல்கிறேன். சென்னைக்காரர் நந்தகுமார் சேகர். அவரும் சென்னை சிட்டி வழியாக வந்தவர்தான். டெல்லி, ஒடிசா என்று ஆடிவிட்டு 2023-ல் ஈஸ்ட் பெங்காலுக்குப் போனார். அந்த ஆகஸ்ட் 12 அன்று டூரண்ட் கோப்பையில் மோகன் பகானோடு மோதல். ஈஸ்ட் பெங்கால் அந்தப் பகை ஆட்டத்தில் ஜெயித்து ஏறத்தாழ நாலரை வருடம் ஆகியிருந்தது. அறுபதாவது நிமிடம். வலது பக்கம் பந்து நந்தகுமாரிடம். எதிரே அனிருத் தாபா. வெளிப்பக்கம் ஓடி கிராஸ் போடுவார் என்று தோன்றுகிற இடம். அவர் உள்ளே திரும்பினார். இடது காலுக்குப் பந்தை மாற்றி, வளைத்து, தூரத்துப் போஸ்ட் ஓரமாக அடித்தார். ஆட்டம் 1-0. அவ்வளவு பெரிய மேடையில், பந்து போனால் ஊரே திட்டும் என்று தெரிந்தும் உள்ளே திரும்பிய அந்த முடிவு சின்ன மைதானங்களில் பலமுறை தோற்றுத் தோற்று வந்த பழக்கம் என்பது என் எண்ணம். அடுத்த ஜனவரியில் அதே அணி சூப்பர் கோப்பையை வென்றபோது, இறுதி ஆட்டத்திலும் அவர் ஒரு கோல் அடித்தார்.

சரி, நம் வட்டாரத்துக்கு இதிலிருந்து என்ன? நம் ஊர்களில் நடக்கிற போட்டிகளில் பெரும்பாலானவை ஐவர் ஆட்டம், எழுவர் ஆட்டம். மைதானம் சின்னது, கோல்போஸ்ட் சின்னது, ராத்திரி லைட் போட்டு ஆடுகிறார்கள். கூட்டத்துக்கு நல்ல விருந்து. குறுகலான இடத்தில் பந்தைக் காலில் வைத்துக்கொள்ளும் திறமையும் அதில் வளரும். ஆனால் அங்கே ஓரம் என்பதே கிடையாது. அறுபது, எழுபது மீட்டர் அகலத்தில் தனியாக நின்று பழகாத பையனுக்கு, முழு மைதானத்தில் விட்டால் எங்கே நிற்பது என்றே தெரியாது. கிராஸ் போடவும் வராது. பள்ளிப் பையன்களுக்கு மாதத்தில் சில நாளாவது முழு மைதானத்தில் பதினோரு பேர் ஆட்டம் வைக்க வேண்டும். செம்மண்ணோ கரிசலோ, கோடு மட்டும் போட்டுவிட்டால் போதும்.

இரண்டாவது, கோட்டுக்கு வெளியே நிற்கும் நமக்கு. பதினாலு வயசுப் பையன் ஒருவன் பேக்கை எதிர்த்துப் போய்ப் பந்தைப் பறிகொடுத்ததும் நாம் கத்துவது “பாஸ் பண்ணுடா!” என்றுதான். நாலு தடவை கத்தினால் ஐந்தாவது தடவை அவன் பாஸ் பண்ணிவிடுவான். ஒரு விங்கர் அந்த நிமிடத்தோடு முடிந்தான். எதிரணிப் பாதியில் பந்தைப் பறிகொடுத்தால் திட்டுவதில்லை, திரும்ப ஓடி வராவிட்டால்தான் திட்டுவது என்று கோச்சுகள் ஒரு வழக்கம் வைத்துக்கொள்ளலாம். சூசைராஜ் கற்ற இரண்டு பாடமும் அதற்குள் அடங்கிவிடும்.

ஆட்டம் பார்க்கிற நேயர்களுக்கும் ஒன்று. அடுத்த முறை மைதானத்துக்குப் போனால் பத்து நிமிடம் பந்தைப் பார்க்காதீர்கள். ஓரத்தில் நிற்கிற ஆளை மட்டும் பாருங்கள். எங்கே நிற்கிறார், யாரை இழுத்து வைத்திருக்கிறார், தோற்றபின் மறுபடி கேட்கிறாரா என்று கவனியுங்கள். கோல் கணக்கில் அவர் பெயர் இல்லாமல் போகலாம். மறுபடி மறுபடி கையைத் தூக்கிப் பந்தைக் கேட்கிறவராக இருந்தால், அவர் நல்ல விங்கர் என்று தாராளமாகச் சொல்லுங்கள். அதைவிடச் சரியான அளவுகோல் எனக்குத் தெரியாது.