கடிதத்தைக் கிழிக்காதீர்கள்!

நெகிரி செம்பிலான் தோட்டத்து மக்களே!

எஸ்.பி.எம். தேறிய உங்கள் மகள் அரசாங்கத் தாதி வேலைக்கு மனுப் போடுகிறாள். 'தேர்வு பெறவில்லை' என்று பதில் வருகிறது. "நமக்கெங்கே கொடுப்பான்" என்று கடிதத்தைக் கிழித்துப் போடுகிறோம். அங்கேதான் நாம் தோற்கிறோம்!

2009-இல் நூர்ஃபடில்லா என்ற பெண்ணுக்குத் தற்காலிக ஆசிரியை வேலை கொடுத்து, கர்ப்பிணி என்று தெரிந்ததும் ரத்து செய்தார்கள். அவர் அழுதுகொண்டு வீட்டில் உட்காரவில்லை; வழக்குப் போட்டார். 2011-இல் ஷா ஆலம் உயர் நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. அரசியலமைப்புச் சட்டம் 8(2)-இன்படி அரசாங்க வேலை நியமனத்தில் பால் பேதம் கூடாது என்றது.

அதே 8(2)-இல் இனமும் மதமும் பிறந்த இடமும் இருக்கின்றன! 153-ஆம் பிரிவு ஒதுக்கீட்டுக்கு இடம் தருகிறது, உண்மைதான். அதற்காக அதிகாரி இஷ்டப்படி ஒதுக்கிவிட முடியாது.

முடிவு தெரிந்த 3 மாதத்திற்குள் நீதிமன்ற மறுஆய்வுக்கு மனுச் செய்ய வேண்டும். ஆகவே கடிதம், சான்றிதழ், நேர்முகத் தேர்வு தேதி எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள். காரணத்தை எழுத்தில் கேளுங்கள். சிரம்பானில் உள்ள சட்ட உதவி மையத்திற்கு உடனே போங்கள்.

இன்று உங்கள் மகள் கேட்டால், நாளை பக்கத்து வீட்டு மகளுக்கும் வழி பிறக்கும்.