விடுப்பு முடிந்த மறுநாள்



அரசாங்க ஊழியர் ஒருவர் அனுமதியின்றிப் பணிக்கு வாராதிருத்தல் குற்றமா என்று வினவினால், குற்றமே என்று உடனே விடையிறுப்போர் பலர். அவ்விடையை நான் எளிதில் தள்ளிவிட மாட்டேன். திருமயத்தைச் சுற்றியுள்ள சிற்றூர்களில் இரண்டே ஆசிரியர்கள் பணிபுரியும் தொடக்கப் பள்ளிகளை அறிந்தவன் நான். ஒருவர் வாராவிடின், ஐந்து வகுப்புகளையும் மற்றவரே கட்டி மேய்க்க வேண்டும். அவர் படும் பாட்டை நேரில் கண்டாலன்றி விளங்காது!

ஆயினும், வாராதவர் பிள்ளை பெற்ற தாயாக இருந்தால் வழக்கு வேறாகிறது.

தமிழ்நாட்டு அரசுப் பணியிலுள்ள மகளிர்க்கு மகப்பேற்று விடுப்பு முன்னர்த் தொண்ணூறு நாட்களாக இருந்தது. அது 2011-இல் ஆறு மாதமாகவும், 2016-இல் ஒன்பது மாதமாகவும் உயர்ந்து, 2021 ஜூலை முதல் முழு ஊதியத்துடன் ஓராண்டாக உள்ளது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் குழந்தையின் நோயும் தாயின் நலிவும் அரசாணையின் நாட்கணக்கைப் பார்த்துத் தீர்வனவல்ல. விடுப்பு முடிந்த மறுநாள் அத்தாய் பணியில் சேரவும் இல்லை, விடுப்பை நீட்டிக்குமாறு எழுதவும் இல்லை என்று வைத்துக்கொள்வோம். அன்று முதல் அவர் ‘அனுமதியின்றி வாராதவர்’ ஆகிறார்.

அதன்பின் குறிப்பாணை வரும். சிறு தண்டனைக்குரியதாயின் ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(அ) பிரிவு. பெருந்தண்டனைக்குரியதாயின் 17(ஆ) பிரிவு. பின்னதில் குற்றச்சாட்டை வகுத்து, விசாரணை நடத்தி, எதிர்வாதத்தையும் கேட்டாக வேண்டும். பணிநீக்கம், பதவியிறக்கம் போன்றவற்றுக்கு முன் இவ்வாய்ப்பை அளிக்க வேண்டுமென்பது அரசியலமைப்பின் 311-ஆம் பிரிவு.

விசாரணையில் எதனைக் கேட்பது? இங்கேதான் பலரும் இடறுகின்றனர். வருகைப் பதிவேட்டைப் புரட்டி, இத்தனை நாள் வரவில்லை என்று கணக்கிட்டுவிட்டால் விசாரணை முடிந்ததென எண்ணுகின்றனர். 2012-இல் கிருஷ்ணகாந்த் பார்மர் என்னும் மத்திய அரசு ஊழியரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதனைத் தெளிவாக்கியது. வாராமை வேறு, வேண்டுமென்றே வாராமை வேறு. நோய் போன்ற, தம் வசத்தில் இல்லாத காரணத்தால் ஒருவர் வாராதிருக்கலாம். வேண்டுமென்றே வரவில்லை என்று மெய்ப்பிக்கப்படாதவரை அது நடத்தைக் குற்றம் ஆகாது. அவ்வழக்கு மகப்பேறு பற்றியதன்று. எனினும் அந்நெறி தாய்மார்க்கும் பொருந்துவதே.

விடுப்பே மறுக்கப்பட்டோர் நிலை இன்னும் கொடிது. தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியை ஒருவர்க்கு, முதல் மணத்தில் இரு குழந்தைகள் உண்டென்று காட்டி, மறுமணத்தில் பிறந்த குழந்தைக்கு விடுப்பு மறுக்கப்பட்டது. 2025 மே 23 அன்று உச்ச நீதிமன்றம் அம்மறுப்பை நீக்கி, விடுப்பளிக்க ஆணையிட்டது. வழக்காட வலிமையற்ற வேறொருத்தியாயின், அதே நாட்கள் அவள் கணக்கில் குற்ற நாட்களாகவே நின்றிருக்கக்கூடும்.

ஊழியர் பக்கத்திலும் கடமை உண்டு. விடுப்பை உரிமையாகக் கோர முடியாது என்பது அடிப்படை விதி. எனவே, விடுப்பு முடியுமுன்னரே மருத்துவச் சான்றுடன் ஈட்டிய விடுப்போ ஊதியமில்லா விடுப்போ எழுத்தில் கேட்டு, பெற்றதற்கான சான்று கிடைக்கும் வகையில் அஞ்சலில் அனுப்பி, படியொன்றைக் காத்து வைத்தல் வேண்டும். வாய்மொழியாகத் தலைமையாசிரியரிடம் சொன்னது விசாரணையில் நில்லாது.

பிள்ளைகளின் படிப்பு? விடுப்பிலிருப்பவரின் பணியிடம் காலியாகக் கருதப்படாமையால், நிரந்தரமாக மற்றொருவரை அமர்த்த இயலாது. அருகிலுள்ள பள்ளியிலிருந்து ஓர் ஆசிரியரை மாற்றுப் பணியில் அனுப்பலாம். குறிப்பாணை எழுதும் அலுவலகமே அவ்வாணையையும் அதே நாளில் எழுதலாம்.