காணாத காற்றுக்கு அறிவே கண்

(கேமரன் மலைத் தேயிலைத் தோட்டமொன்றின் மண்டபத்தில் நிகழ்த்திய உரை. ரப்பர்த் தோட்ட வாசகர்களுக்கும் பயன்படுமென்று இங்கு வெளியிடப்படுகிறது.)



மாலைப் பனி இறங்கும் இந்நேரத்தில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு எம் உரையைக் கேட்க வந்திருக்கிறீர்கள். ஆகவே, குளிரிலிருந்தே தொடங்குவோம்.

நாம் முதன்முதலாகக் குடும்பத்துடன் இம்மலையில் தங்கிய இரவு அது. கீழ்நாட்டு வெப்பத்தில் வளர்ந்த உடம்பு, ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தின் குளிரைத் தாங்கவில்லை. இரும்புச் சட்டியில் கரிநெருப்பை மூட்டி அறைக்குள் வைத்தோம். கதவையும் சன்னலையும் அடைத்து, இடுக்குகளில் பழந்துணியும் செருகிவிட்டு உறங்கினோம். நள்ளிரவில் எம் பிள்ளை தலைவலி தாளாமல் அழுதது. எழுந்து பார்க்க முயன்றால் எமக்கே கால்கள் துவண்டன, தலை சுற்றியது. தவழ்ந்து சென்று கதவைத் திறந்தோம். வெளிக்காற்று முகத்தில் பட்ட பின்னரே தெளிவு பிறந்தது. பிள்ளை அழாதிருந்தால் இன்று உங்கள் முன் நிற்க நாம் இருந்திருக்க மாட்டோம்.

ஆசிரியப் பயிற்சி பெற்று, வகுப்பில் காற்றைப் பற்றிப் பாடம் நடத்திய நாமே செய்த பிழை இது. வேறெவரும் இதைச் செய்யலாகாது என்பதற்காகவே இன்று காற்றைப் பற்றிப் பேச வந்துள்ளோம்.

காற்று என்பது ஒரே பொருளன்று. பல வாயுக்களின் கலவை. 100 பங்கு உலர்ந்த காற்றில் 78 பங்கு நைட்ரஜன். 21 பங்கு ஆக்சிஜன், அதாவது பிராணவாயு. எஞ்சிய ஒரு பங்கில் பெரும்பகுதி ஆர்கான். இவை மூன்றும் தனிமங்கள். அதாவது, இரசாயன முறையால் மேலும் எளிய பொருளாகப் பிரிக்க முடியாதவை. சாதாரண வெப்பநிலையில் வாயுவாக இருக்கும் தனிமங்கள் பதினொன்று. ஹைட்ரஜன், ஹீலியம், குளோரின், நியான் முதலியவையும் அவற்றுள் அடங்கும்.

இவற்றுள் பிராணவாயுவை நீங்கள் நாள்தோறும் வேலை வாங்குகிறீர்கள். கிள்ளிய கொழுந்தை ஆலையில் வாட்டி, உருட்டிக் கசக்கிப் பரப்பி வைக்கிறீர்கள். சிறிது நேரத்தில் பச்சை இலை செம்பு நிறமாகிறது, மணம் எழுகிறது. இதைப் புளிக்க வைத்தல் என்கிறோம். உண்மையில் மாவு புளிப்பது போன்ற செயலன்று இது. கசங்கிய இலையின் சாற்றோடு காற்றிலுள்ள பிராணவாயு சேர்வதால் நிகழும் மாற்றமே இது. சூடேற்றி உலர்த்தியதும் அம்மாற்றம் நின்றுவிடுகிறது. செடியில் இருந்தபோது பகல் வெளிச்சத்தில் நமக்குப் பிராணவாயுவை ஈந்த அதே கொழுந்து, கிள்ளப்பட்ட பின் அந்த வாயுவைத் தான் வாங்கிக்கொண்டு தேயிலையாகிறது!

கீழ்நாட்டு ரப்பர்த் தோட்டத்து உறவினர்களும் இவ்வாயுவை அறிவார்கள். பழைய டயரின் பக்கங்களில் வெடிப்புகள் காண்கிறோமல்லவா? பிராணவாயுவின் மற்றொரு வடிவமான ஓசோன் செய்யும் வேலை அது.

கண்ணுக்குத் தெரியாத இவற்றை மனிதன் எவ்வாறு கண்டுபிடித்தான்? 1771ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் ஜோசப் பிரீஸ்ட்லி என்பவர், மெழுகுவர்த்தி எரிந்து அணைந்த மூடிய காற்றில் ஒரு புதினாத் தளிரை வளரவிட்டார். சில நாள் கழித்து அக்காற்றில் மீண்டும் மெழுகுவர்த்தி எரிந்தது. 1774இல் அவரே பாதரசச் செந்தூளைச் சூரியக் கண்ணாடியால் சூடாக்கிப் பிராணவாயுவைத் தனியே பிரித்தார். சுவீடன் நாட்டு ஷீலே அதற்கு முன்னரே அதைக் கண்டிருந்தார். ஆயினும் அவர் நூல் பின்னரே வெளிவந்தது. ஆக்சிஜன் என்று பெயரிட்டு, எரிதலும் மூச்சுவிடுதலும் அதைக் கொண்டே நிகழ்கின்றன என்று விளக்கியவர் பிரான்சு நாட்டு லவாசியே. மூடிய காற்றில் எலியும் விளக்கும் உயிர்விட்ட பின் எஞ்சி நிற்கும் வாயுவை 1772இல் ஆராய்ந்தவர் டேனியல் ரூதர்ஃபோர்டு. அதுவே நைட்ரஜன்.

நைட்ரஜன் மூச்சுக்கு உதவாவிடினும் பயிருக்கு இன்றியமையாதது. ஆனால் செடியால் அதைக் காற்றிலிருந்து நேரே எடுத்துக்கொள்ள முடியாது. அதை ஹைட்ரஜனோடு சேர்த்து அம்மோனியா செய்யும் ஆலை 1913இல் செர்மனியில் இயங்கத் தொடங்கிய பின்னரே உரம் பெருகியது. நீங்கள் தேயிலைக்கு இடும் யூரியா அவ்வழி வந்ததே. மரத்துப்பால் உறைந்து போகாதிருக்க ரப்பர்த் தோட்டங்களில் சேர்க்கும் அந்தக் கார நெடி மருந்தும் இதே அம்மோனியாதான்.

ஹீலியம் கண்டுபிடிக்கப்பட்ட வரலாற்றில் நம் முன்னோர் மண்ணுக்கும் பங்குண்டு. 1868 ஆகஸ்டு 18ஆம் நாள் முழுச் சூரிய கிரகணம் நிகழ்ந்தது. அன்றைய சென்னை மாகாணத்தைச் சேர்ந்த குண்டூரில், பிரான்சு நாட்டு ஜான்சென் சூரியனின் விளிம்பில் எழும் தீக்கொழுந்துகளின் ஒளியைப் பிரித்துப் பார்த்தார். சென்னை வானாய்வு நிலையத்தின் தலைவர் பாக்சன் மசூலிப்பட்டினத்திலிருந்து கவனித்தார். அந்நிலையத்தில் பணிபுரிந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி வனபர்த்தியில் ஆய்வு நடத்தினார். அக்கிரகண நிழல் நம் தீபகற்பத்தின் வடபகுதியையும் கடந்தது. சயாம் மன்னர் மோங்குட் வா கோ என்னுமிடத்தில் அதைக் கண்டார்.

அவ்வொளியில் மஞ்சள் கோடு ஒன்று தெரிந்தது. அதே ஆண்டு அக்டோபரில், கிரகணம் இல்லாமலே அதைக் கண்ட இங்கிலாந்தின் லாக்கியர், உலகில் அறியப்படாத தனிமத்தின் அடையாளம் அது என்றார். சூரியனைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லால் அதற்கு ஹீலியம் என்று பெயர் அமைந்தது. 1895இல்தான் ராம்சே அதைப் பூமியின் கனிமமொன்றில் கண்டார். கைக்கு எட்டுமுன் 27 ஆண்டுகள் அறிவுக்கு எட்டியிருந்த வாயு அது! இன்று மருத்துவமனையில் உடலின் உட்புறத்தைப் படமெடுக்கும் எம்.ஆர்.ஐ. கருவியின் காந்தத்தைக் குளிர்விக்க அது பயன்படுகிறது.

தோழர்களே, ஹீலியம் தன் ஒளியால் தன்னைக் காட்டிக் கொடுத்தது. எம் அறைக்குள் அன்றிரவு நிறைந்த நஞ்சோ நிறம் காட்டவில்லை, மணம் காட்டவில்லை. அதன் பெயர் கார்பன் மோனாக்சைடு. அது தனிமமன்று, கரியும் பிராணவாயுவும் சேர்ந்த கூட்டுப்பொருள். கரி முழுமையாக எரியாதபோது அது பிறக்கிறது. நம் இரத்தத்தில் பிராணவாயுவைச் சுமக்கும் பொருளை, அவ்வாயுவைவிட 200 மடங்குக்கும் மேலான வலிமையுடன் அது பற்றிக்கொள்கிறது. பிராணவாயு ஏற இடமின்றி உடல் தளர்கிறது. தலைவலி, மயக்கம், வாந்தி ஆகியவையே அதன் அறிகுறிகள். உறங்குபவர் இவற்றையும் உணராமல் இறந்துபோகலாம்.

ஆதலால் மூன்று செய்திகளை இன்று வீட்டுக்கு எடுத்துச் செல்லுங்கள்.

முதலாவது, கரிச்சட்டி எக்காரணத்தாலும் உறங்கும் அறைக்குள் வருதலாகாது. சன்னலைச் சற்றுத் திறந்து வைத்தால் போதும் என்று எண்ணாதீர்கள். புகையில்லாத தணல் தீங்கற்றது என்பதும் தவறு. குளிருக்கு மற்றொரு கம்பளியே நல்ல துணை.

இரண்டாவது, பாழ்கிணற்றிலும் மலக்குழியிலும் பிராணவாயு குறைந்திருக்கலாம். நச்சு வாயுவும் தேங்கியிருக்கலாம். உள்ளே ஒருவர் மயங்கி விழுந்தால் பின்னால் குதிக்காதீர்கள். 999ஐ அழைத்துப் போம்பா வீரர்களை வரவழையுங்கள். ஒருவரைக் காக்க இறங்கி இருவர் மாள்வது வீரமன்று.

மூன்றாவது, குடிநீரைத் தூய்மையாக்கும் குளோரின்தான் 1915இல் ஐரோப்பியப் போர்முனையில் நச்சுப்புகையாக ஏவப்பட்டது. துணி வெளுக்கும் குளோரின் நீரோடு கழிவறை கழுவும் திராவகத்தையோ, ரப்பர்ப்பால் உறைய வைக்கும் திராவகத்தையோ கலந்தால் அந்த வாயு உங்கள் வீட்டிலேயே எழும். இவற்றை ஒருபோதும் கலக்காதீர்கள். பிள்ளைகளுக்கு எட்டாத இடத்தில் வையுங்கள்.

பெற்றோர்களே, உங்கள் பிள்ளை அறிவியல் நூலைத் திறந்து வைத்துக் காற்றைப் பற்றி ஏதேனும் சொன்னால், அது தேர்வுக்கான பாடம் என்று தள்ளிவிடாதீர்கள். அருகில் அமர்ந்து கேளுங்கள். கண் காணாத பகையை அறிவு ஒன்றே காணும்.

இன்றிரவு வீடு திரும்பியதும் கரிச்சட்டி எங்கே இருக்கிறதென்று பாருங்கள். உள்ளே இருந்தால் வெளியே எடுத்து வையுங்கள். எம் உரைக்கு அதுவே தக்க கைம்மாறு.