‘டெய்ஸிஸ்’ படத்தோடு நின்றுவிட வேண்டாம்



செக் இயக்குநர் வேரா ஹிதிலோவாவைப் பற்றிய இந்தக் கருத்தரங்குக்கு வந்துள்ள கட்டுரைகளில் பெரும்பாலானவை 1966-இல் வெளியான ‘டெய்ஸிஸ்’ படத்தைச் சுற்றியே வருகின்றன. அதைக் குறை சொல்லமாட்டேன். ஆளைப் பிடித்து இழுக்கிற படம் அது. மேரி என்று ஒரே பெயர் கொண்ட இரண்டு பெண்கள். தொலைபேசியில் ஒருவன் காதலில் உருகிக்கொண்டிருக்க, இவர்கள் கத்தரிக்கோலால் தொத்திறைச்சியையும் வாழைப்பழத்தையும் வெட்டித் தின்கிறார்கள். வேறோர் இடத்தில் அதே கத்தரி அவர்கள் உடம்பின் மேலேயே பாய்கிறது. தலையும் கையும் தனித்தனியே திரிய, கடைசியில் திரையே துண்டுதுண்டாகிவிடுகிறது. ஒளிப்பதிவு யாரோஸ்லாவ் குச்சேரா, இயக்குநரின் கணவர்.

இப்படி உணவை வீணாக்கும் படத்துக்கு அரசுப் பணமா என்று 1967-இல் ஓர் உறுப்பினர் நாடாளுமன்றத்திலேயே எழுந்து கேட்டார். வேடிக்கை என்னவென்றால், பதில் படத்திலேயே இருந்தது. குண்டுவீச்சுக் காட்சிகளோடு முடியும் அந்தப் படம், மிதிபட்ட கீரைப்பாத்திக்காக மட்டும் கொதிப்பவர்களுக்குத்தான் காணிக்கையாக்கப்பட்டிருக்கிறது.

ஒரு விஷயத்தில் மட்டும் எனக்குப் பலரோடு உடன்பாடில்லை. அந்த இரு பெண்களையும் விடுதலையின் கொடியாக உயர்த்திப் பிடிக்கிறோம். இயக்குநர் அவர்களுக்கு அவ்வளவு செல்லம் கொடுக்கவில்லை. விருந்தை மிதித்து நாசமாக்கிய பிறகு, செய்தித்தாளை உடம்பில் சுற்றிக் கட்டிக்கொண்டு, உடைந்த தட்டுகளை அடுக்கியபடி, இனி ஒழுங்காக இருப்போம் என்று கிசுகிசுக்கிறார்கள். தொங்குவிளக்கு அவர்கள் மேல் விழுகிறது! அதிகாரத்தைக் கேட்ட கேள்வியை அவர் தன் நாயகிகளையும் கேட்டார்.

இந்தக் கறார்த்தனம் பிந்தைய படங்களில்தான் முழுதாகத் தெரிகிறது. 1970-க்குப் பிறகு சில ஆண்டுகள் அவரால் கதைப்படம் எடுக்க முடியவில்லை. சக இயக்குநர் மிலோஷ் ஃபோர்மன் அமெரிக்கா போனார், இவர் போகவில்லை. 1975-இல், படம் எடுக்க விடக் கோரி அதிபர் ஹுசாக்குக்கே கடிதம் எழுதினார். அதன் பிறகு, பிரசவ மருத்துவமனையைக் களமாகக் கொண்ட படம் வந்தது. மருத்துவராக நடித்தவர் இன்னொரு இயக்குநரான யிர்ஷி மென்ஸல்.

என் பரிந்துரை 1979-இன் ‘பனெல்ஸ்டோரி’. ப்ராக் நகரின் தெற்கு விளிம்பில், கட்டி முடிக்காமலே குடியேற்றப்பட்ட கான்கிரீட் அடுக்குமாடிகள். எங்கும் சேறு, கிரேன், இரைச்சல். கிராமத்திலிருந்து வந்த முதியவர் ஒருவர், அச்சில் வார்த்ததுபோல் நிற்கும் கட்டடங்களுக்கு நடுவே தன் குடும்பத்தார் வீட்டைத் தேடி அலைகிறார். ‘டெய்ஸிஸ்’ படத்தின் வண்ண ஜாலம் இதில் துளியும் இல்லை. ஆனால் வெடுக்கென்று திரும்பி, சட்டென்று முகத்துக்கு நெருங்கும் கேமராவில் அந்தப் பழைய பொறுமையின்மை அப்படியே இருக்கிறது. பிர்னோவில் கட்டடக்கலை படித்தவர் எடுத்த படம் என்பதையும் மறந்துவிடாதீர்கள். சேற்றில் பலகை போட்டு நடப்பவர்களை அரசு பார்த்ததற்கும் அவர் பார்த்ததற்கும் உள்ள தூரத்தை யாராவது விரிவாக எழுத வேண்டும்.

‘டெய்ஸிஸ்’ பற்றி வாசிக்க இருப்பவர்கள், உணவு இடைவேளையில் என்னோடு சண்டைக்கு வரலாம். இப்போது முதல் அமர்வைத் தொடங்கலாம்.